‘ரசம் மாதிரி ஓடுது அக்கா!’: பீச் காப்ளர் கேள்வி பதில்

போன இதழில் ஊறுகாய்க் கேள்வி ஒன்றுக்குப் பதில் எழுதும்போது, "எங்கள் அட்லாண்டாவில் பீச் பழம் வந்துவிட்டது, இனி ஞாயிற்றுக்கிழமை என்றால் காப்ளர்தான்" என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதிவைத்தேன். வந்த கடிதங்களைப் பார்த்தால் ஊறுகாயை யாரும் படித்ததாகவே தெரியவில்லை. சரி, இந்த மாதம் முழுக்கக் காப்ளரே.

மகள் வீட்டுக்கு வந்திருக்கிறேன். நான் நாற்பது வருஷம் சொல்லிக்கொடுத்த இங்கிலீஷில் காப்ளர் என்றால் செருப்பு தைப்பவர். அவருக்கும் பழத்துக்கும் என்னம்மா சம்பந்தம்? பை, கிரம்பிள், கிரிஸ்ப் என்று மகள் வேறு குழப்புகிறாள்.
– ஓய்வுபெற்ற ஆசிரியர், எடிசன், நியூ ஜெர்சி

ஒரு சம்பந்தமும் இல்லை சார். ஆழமான பாத்திரத்தில் பழத்தைச் சர்க்கரையோடு போட்டு, அதன் மேல் மாவை அங்கங்கே கிள்ளிப் போட்டோ, கரைத்து ஊற்றியோ அவனில் (oven) வேகவைப்பதுதான் காப்ளர். மேலே மேடும் பள்ளமுமாக நிற்கிற மாவு கல் பாவிய பழைய தெரு மாதிரி இருப்பதால் இந்தப் பெயர் வந்தது என்று இங்கே பரவலாகச் சொல்வார்கள். 19ஆம் நூற்றாண்டின் நடுவிலேயே அமெரிக்காவில் இந்தப் பெயர் புழக்கத்துக்கு வந்துவிட்டது. அப்போது நிறைய வீடுகளில் அவன் ஏது? கால் வைத்த கனமான இரும்புச் சட்டியைத் தணலில் வைத்து, மூடி மேலும் தணலைக் கொட்டி வேகவைத்தார்கள். நம் ஊரிலும் மேலே தணல் போட்டுக் கேக் சுட்ட வீடுகள் உண்டே, அதே வித்தைதான்.

பை என்றால் கீழே ஒரு மாவுத் தட்டு இருக்கும், பெரும்பாலும் மேலேயும் ஒன்று மூடியிருக்கும். கிரம்பிளில் மேலே உதிர்மாவு. அந்த உதிர்மாவில் ஓட்ஸ் கலந்தால் கிரிஸ்ப். இதோடு முடியவில்லை சார், ரொட்டித் தூள் போட்டால் பெட்டி (Betty), கேக் மாவுக்குள் பழம் புதைந்தால் பக்கிள், வெந்த மாவை நடுவில் உடைத்துப் பழச்சாற்றுக்குள் அமுக்கினால் பாண்டௌடி, அடுப்பு மேலேயே மூடி போட்டு ஆவியில் வேகவைத்தால் கிரண்ட். நாம் கொழுக்கட்டைக்கும் மோதகத்துக்கும் பூரணத்துக்கும் பிடிகொழுக்கட்டைக்கும் தனித்தனிப் பெயர் வைத்திருக்கிறோம் இல்லையா, அவர்களும் சும்மா இருப்பார்களா? ஆனால் மகளிடம் ரொம்பக் கறாராக வாதாட வேண்டாம். அமெரிக்காவின் தெற்கில் பல வீடுகளில் பை மாவையே நாடா நாடாக வெட்டிப் பழத்துக்கு நடுவிலும் மேலேயும் போட்டு அதையும் காப்ளர் என்றுதான் சொல்கிறார்கள். அவர்கள் பாட்டி அப்படித்தான் செய்தாராம், அதற்கு மேல் பேச்சில்லை.

பக்கத்து வீட்டு டெக்ஸாஸ் பாட்டி "ஒரு கப், ஒரு கப், ஒரு கப்" என்று ஒரே வரியில் காப்ளர் சொல்லிக்கொடுத்தார். என் அலுவலகத் தோழியோ அது காப்ளரே இல்லை, மேலே பிஸ்கட் மாவு இருக்க வேண்டும் என்கிறாள். எது சரி?
– வாசகி, டாலஸ்

இரண்டும் சரி. ஆனால் இரண்டும் வேறு வேறு பண்டம். முதல் தடவை செய்கிறீர்கள் என்றால் பாட்டி பக்கம் போங்கள்.

அந்தக் கப் கணக்கு இதுதான்: மைதா ஒரு கப், சர்க்கரை ஒரு கப், பால் ஒரு கப், அப்புறம் ஒரு குச்சி வெண்ணெய், அதாவது 113 கிராம். செல்ஃப் ரைசிங் மாவாக இருந்தால் அப்படியே போடலாம். சாதாரண ஆல் பர்பஸ் மாவு என்றால் ஒன்றரை டீஸ்பூன் பேக்கிங் பவுடரும் கால் டீஸ்பூன் உப்பும் சேருங்கள். செல்ஃப் ரைசிங்கில் இவை இரண்டும் ஏற்கெனவே உண்டு, மறந்துபோய் மறுபடியும் போட்டால் நாக்கில் சோப்பு வாடை அடிக்கும். அவனை 175 டிகிரி செல்ஷியஸுக்கு, அங்கே உங்கள் கணக்கில் 350 ஃபாரன்ஹீட்டுக்குச் சூடாக்கும்போதே வெண்ணெயைப் பாத்திரத்தில் போட்டு உள்ளே வைத்துவிடுங்கள். உருகியதும் எடுத்து, கரைத்த மாவை அதன் மேல் ஊற்றுங்கள். கலக்கக் கூடாது. அதன் மேல் மூன்று நான்கு கப் பழத்தைப் பரப்புங்கள். அப்போதும் கலக்கக் கூடாது. நமக்குக் கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு கிண்டாமல் இருப்பதுதான் கஷ்டம், தெரியும், இருந்தாலும் கையைக் கட்டிக்கொள்ளுங்கள். ஐம்பது நிமிஷம், ஒரு மணி நேரத்தில் கீழே கிடந்த மாவு பழத்தைச் சுற்றி உப்பி மேலே வந்து பொன்னிறமாகிவிடும். ஓரமெல்லாம் வெண்ணெயில் பொரிந்து நெய்யப்பம் ஓரம் மாதிரி மொறுமொறுவென்று இருக்கும், எங்கள் வீட்டில் அந்த ஓரத்துக்குத்தான் அடிதடி.

தோழி சொல்வது பிஸ்கட் காப்ளர். பிஸ்கட் என்றதும் டீயில் முக்கும் பிஸ்கட்டை நினைக்காதீர்கள், இது ஸ்கோன் மாதிரி மெத்தென்ற ரொட்டி. ஒன்றரை கப் மைதாவில் மூன்று டேபிள்ஸ்பூன் சர்க்கரை, ஒன்றரை டீஸ்பூன் பேக்கிங் பவுடர், கால் டீஸ்பூன் சமையல் சோடா, அரை டீஸ்பூன் உப்பு. 85 கிராம் வெண்ணெய், ஃப்ரிட்ஜிலிருந்து அப்போதுதான் எடுத்த கட்டி வெண்ணெய், துண்டு துண்டாக வெட்டி மாவில் போட்டு விரல் நுனியால் புட்டுமாவு பிசிறுவது போலப் பிசிறுங்கள். அங்கங்கே பட்டாணி அளவு வெண்ணெய் தெரியட்டும். அந்தத் துண்டுகள் அவனுக்குள் உருகி, அதில் இருக்கிற தண்ணீர் ஆவியாகும்போதுதான் மாவு பொலபொலவென்று வரும். பிறகு முக்கால் கப்புக்குக் கொஞ்சம் குறைவாகப் பட்டர்மில்க். கடையில் வாங்கவில்லை என்றால் கெட்டித் தயிரைப் பாலில் தளர்த்திக்கொள்ளுங்கள், தாளித்த நீர்மோர் வேண்டாம். பரோட்டா மாவு போல அடித்துப் பிசைந்தீர்களானால் பரோட்டா மாதிரியே இழுக்கும். ஒன்று சேர்ந்ததும் கையை எடுத்துவிட வேண்டும்.

தெற்கத்திக்காரர்கள் இதற்கென்று ஒயிட் லில்லி மாவைத் தேடி வாங்குவார்கள். 1883லிருந்து டென்னசியின் நாக்ஸ்வில் ஊர்ப் பெயரோடு வளர்ந்த மாவு அது, மென்மையான குளிர்காலக் கோதுமையில் அரைத்தது, புரதம் குறைவு, அதனால் இழுக்காது. அது இல்லாவிட்டாலும் குடி முழுகாது.

ஜார்ஜியா வந்து மூன்று மாதம் ஆகிறது. ஆசையில் 25 பவுண்டு பீச் பெட்டி வாங்கிவிட்டேன் அக்கா. எல்லாம் கல்லு மாதிரி இருக்கு. ஃப்ரிட்ஜில் வைத்துக் கொஞ்சம் கொஞ்சமாக எடுக்கலாமா? தோலை எப்படி உரிப்பது? கொட்டைக்குள் பாதாம் மாதிரி பருப்பு இருக்கிறதே, அரைத்துப் பாயசத்தில் போடலாமா?
– வாசகி, ஆல்ஃபரெட்டா

முதலில் அந்தப் பருப்பைக் கீழே போடுங்கள். பீச்சும் பாதாமும் ஒரே குடும்பம்தான், அதனால்தான் வாசனை அப்படி இருக்கிறது, ஆனால் பீச் பருப்பில் அமிக்டலின் என்று ஒன்று உண்டு. வயிற்றுக்குள் போனால் சயனைடாக மாறும். பாயசத்தில் வேண்டவே வேண்டாம்.

காயாக இருக்கிற பீச்சை ஃப்ரிட்ஜில் வைக்கவே கூடாது. 2 டிகிரியிலிருந்து 8 டிகிரி வரைக்குமான குளிர்தான் அதற்குப் பெரிய எதிரி, அதில் பல நாள் இருந்தால் பிறகு வெளியே வைத்தாலும் சாறே இல்லாமல் பஞ்சு மாதிரி, மாவு மாதிரி ஆகிவிடும். மேசை மேல் ஒரு துணியை விரித்து, காம்புப் பக்கம் கீழே இருக்கும்படி, ஒன்றின் மேல் ஒன்று ஏறாமல் அடுக்குங்கள். இரண்டு மூன்று நாளில் வீடே மணக்கும். சிவப்பைப் பார்த்து ஏமாறாதீர்கள், சிவப்பு வெயில் பட்ட பக்கம், அவ்வளவுதான். அந்தச் சிவப்புக்குப் பின்னால் இருக்கிற நிறம் பச்சை மாறி மஞ்சளாகியிருக்கிறதா, காம்பருகே கட்டைவிரலால் லேசாகத் தொட்டால் அமுங்குகிறதா என்று பாருங்கள். பழுத்த பிறகு ஃப்ரிட்ஜில் வைக்கலாம். காப்ளருக்குக் கொழகொழவென்று பழுத்தது வேண்டாம், மணம் வந்து இன்னும் கொஞ்சம் விறைப்பாக இருப்பதே நல்லது. அழுந்திக் கனிந்ததை நின்றபடியே தின்றுவிடுங்கள்.

தோலுக்கு: அடிப்பக்கம் கத்தியால் சின்னதாகக் கூட்டல் குறி கீறி, கொதிக்கிற தண்ணீரில் முப்பது விநாடியிலிருந்து ஒரு நிமிஷம் போட்டு எடுத்து ஐஸ் தண்ணீரில் போட்டால் தக்காளித் தோல் மாதிரி கழன்றுவரும். நெக்டரின் வாங்கினால் இந்த வேலையே இல்லை, அதன் தோல் வழவழப்பானது, அப்படியே போடலாம்.

ஜார்ஜியாவில் பீச் மே மாத நடுவில் ஆரம்பித்து ஆகஸ்ட் முதல் பாதி வரை வரும். முதலில் வருவதில் கொட்டை சதையோடு ஒட்டிக்கொண்டு படுத்தும், ஜூன் நடுவுக்கு மேல் வருவதில் பழத்தை இரண்டாகத் திருகினாலே கொட்டை தனியாக வந்துவிடும். காப்ளருக்குப் பெட்டி வாங்குவது என்றால் இந்த இரண்டாவது ரகத்துக்காகக் காத்திருங்கள். இந்த ஊருக்குப் பீச் பெயர் வாங்கிக்கொடுத்த எல்பர்ட்டாவும் அந்த ரகம்தான், 1870களில் மார்ஷல்வில் ஊரில் சாமுவேல் ரம்ஃப் என்பவர் வளர்த்தெடுத்துத் தன் மனைவி பெயரை வைத்தார். பேர்தான் பீச் மாநிலம், விளைச்சலில் பக்கத்து சவுத் கரோலினா பெரும்பாலும் ஜார்ஜியாவை முந்திவிடும், கலிஃபோர்னியா இரண்டையும் தூக்கிச் சாப்பிட்டுவிடும். இதை இங்கே உள்ளூர்க்காரர்களிடம் மட்டும் சொல்லிவிடாதீர்கள்.

மிச்சத்தை வெட்டி எலுமிச்சைச் சாறு பிரட்டி, தட்டில் தனித்தனியாகப் பரப்பி ஃப்ரீசரில் உறையவிட்டு, பிறகு பையில் போட்டுவைத்துக்கொள்ளுங்கள். ஒரேயடியாகப் பையில் திணித்தால் ஒரே பாறையாகிவிடும். 2023இல் குளிர்காலம் போதுமான அளவு குளிரவில்லை, பூத்த பிறகு மார்ச்சில் உறைபனி அடித்தது, ஜார்ஜியாவில் தொண்ணூறு சதவீதத்துக்கு மேல் விளைச்சல் போனது. அந்த வருஷம் எங்கள் ஃப்ரீசரில் முந்தின வருஷத்துப் பை ஒன்று இருந்தது, தங்கம் மாதிரி பொத்திப் பொத்தி எடுத்தேன்.

மூன்று தடவை செய்துவிட்டேன். மூன்று தடவையும் மேலே அழகாகச் சிவந்து, வெட்டினால் உள்ளே ரசம் மாதிரி ஓடுது அக்கா! கார்ன் ஃப்ளார் இரண்டு ஸ்பூன் போட்டேன், கெட்டியாகவே இல்லை. நான் என்ன தப்பு செய்கிறேன்?
– வாசகி, ஷார்லட்

நீங்கள் மட்டும் இல்லை. நான் ஜார்ஜியா வந்த முதல் ஜூலை நான்காம் தேதி, பன்னிரண்டு பேரைச் சாப்பிடக் கூப்பிட்டுவிட்டு, அவனிலிருந்து எடுத்த கையோடு, பெருமையாக எல்லார் முன்னாலும் நடுவில் கரண்டியை விட்டேன். பீச் துண்டுகள் ஒரு பக்கம் மிதக்கின்றன, மாவு ஒரு பக்கம் தோணி மாதிரி போகிறது. கடைசியில் டம்ளரில் ஊற்றி ஐஸ்கிரீம் ஒரு உருண்டை போட்டுக் கொடுத்தேன். "இது இந்தியன் ஸ்டைலா?" என்று ஒருவர் கேட்டார், ஆமாம் என்று சொல்லிவிட்டேன்.

உங்கள் கடிதத்தில் என் கண்ணில் முதலில் பட்டது அந்தக் கார்ன் ஃப்ளார். எந்தக் கடையில் வாங்கினீர்கள்? நம் ஊரில் கார்ன் ஃப்ளார் என்று விற்பது வெள்ளை வெளேரென்று, விரலில் தேய்த்தால் கிறீச்சென்கிற மாவுச்சத்து. அமெரிக்கக் கடையில் அதன் பெயர் கார்ன் ஸ்டார்ச். இங்கே கார்ன் ஃப்ளார் என்று எழுதியிருந்தால் அது மக்காச்சோளத்தை முழுசாக அரைத்த மாவு, அதற்குக் கெட்டியாக்கும் சக்தி குறைவு. பாக்கெட்டை எடுத்துப் பாருங்கள்.

அது சரியாக இருந்தால் அடுத்தது கொதி. ஸ்டார்ச் சூடு பட்டால் மட்டும் போதாது, கிட்டத்தட்ட கொதிநிலைக்குப் போனால்தான் முழுசாக வேலை செய்யும். அவனில் ஓரம்தான் முதலில் கொதிக்கும், நடு கடைசியில். ஓரத்தில் குமிழி வந்ததையும் மேலே சிவந்ததையும் பார்த்து எடுத்தீர்கள் என்றால் நடுவில் இருக்கிற சாறு இன்னும் பச்சைத் தண்ணீர்தான். நடுவில் குமிழி வர வேண்டும், அதுவும் சளசளவென்று தண்ணீர்க் குமிழி இல்லை, அல்வா கிண்டும்போது ‘பொளக், பொளக்’ என்று சோம்பேறித்தனமாக வெடிக்குமே, அந்த மாதிரி. அதற்குள் மேலே கருகும் போல இருந்தால் ஒரு அலுமினியத் தாளைத் தளர்வாக மூடிவிட்டு உள்ளேயே விடுங்கள். ஒருவேளை இன்னும் பதினைந்து நிமிஷம் ஆகும். ஆகட்டும்.

எடுத்ததும் வெட்டக் கூடாது, நான் செய்த இரண்டாவது தப்பு அது. அரை மணி, முக்கால் மணி ஆறவிட வேண்டும். ஆற ஆறத்தான் சாறு இறுகும். பாகு காய்ச்சத் தெரிந்த நமக்கு இதை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை, ஆனாலும் அவன் என்றதும் டைமரை நம்பிப் பதத்தை மறந்துவிடுகிறோம்.

மூன்றாவது, பழம். ஜூனில் மழை பெய்த வாரத்துப் பழத்துக்கும் ஜூலை வெயிலில் காய்ந்த பழத்துக்கும் ஒரே அளவு ஸ்டார்ச் எப்படிச் சரிவரும்? நான் செய்வது இது. ஒரு கிலோ பீச்சை வெட்டி, அரை கப் சர்க்கரையும் ஒரு டேபிள்ஸ்பூன் எலுமிச்சைச் சாறும் ஒரு சிட்டிகை உப்பும் பிரட்டி அரை மணி நேரம் வைத்துவிடுவேன். சர்க்கரை சாற்றை இழுத்து வெளியே கொண்டுவந்துவிடும். அதை வடிகட்டிப் பார்ப்பேன். அரை கப்புக்குள் இருந்தால் ஒரு டேபிள்ஸ்பூன் ஸ்டார்ச்சைப் பழத்திலேயே தூவிவிடுவேன். ஒரு கப் தாண்டினால் சாற்றை மட்டும் சின்னப் பாத்திரத்தில் பாதியாகக் கொதிக்கவிட்டு, ஒன்றரை டேபிள்ஸ்பூன் ஸ்டார்ச்சைக் குளிர்ந்த தண்ணீரில் கரைத்து ஊற்றி, பளபளவென்று கண்ணாடி மாதிரி ஆனதும் பழத்தில் திரும்பச் சேர்த்துவிடுவேன். இந்த ஒரு வேலை செய்தால் பாதிப் பயம் போய்விடும். சர்க்கரை அரை கப் என்றேனே, அதுவும் பழத்தை ஒரு துண்டு வாயில் போட்டுப் பார்த்த பிறகுதான். தின்று பார்க்காமல் சர்க்கரையை அளக்கிறவர்களை எனக்குப் புரிந்துகொள்ளவே முடிவதில்லை.

ஸ்டார்ச் வாடை பிடிக்காதவர்கள் ஜவ்வரிசியை மிக்ஸியில் மாவாக அரைத்துப் போடலாம். அமெரிக்கப் பாட்டிகள் பழப் பைக்கு இன்ஸ்டன்ட் டபியோகா என்று பெட்டியில் வாங்கிப் போடுவதும் அதே மரவள்ளிச் சரக்குதான். சாறு தெளிவாக நிற்கும். பொடியாக அரைக்காவிட்டால் நடுவில் மீன்முட்டை மாதிரி தட்டுப்படும், குழந்தைகளுக்குப் பிடிக்கலாம்.

எனக்கு அதற்கு நேர்மாறு. பிஸ்கட் மேலே சிவக்கிறது, கரண்டியால் தூக்கிப் பார்த்தால் அடிப்பக்கம் பச்சை மாவு, பிசுபிசுவென்று.
– வாசகர், சியாட்டில்

குளிர்ந்த பழத்தின் மேல் மாவை வைத்தீர்களா? அதுதான். பழத்தை மட்டும் முதலில் 190 டிகிரியில் பதினைந்து இருபது நிமிஷம் அவனில் வைத்து, சூடேறிக் கொதிக்க ஆரம்பித்த பிறகு மாவைக் கிள்ளிப் போடுங்கள். மாவு கீழேயிருந்தும் வேகும். துண்டுகளுக்கு நடுவில் இடைவெளி விடுங்கள், மூடி மாதிரி இறுக்கி அடைத்தால் ஆவி போக வழியில்லாமல் மாவு ஊறிப்போகும். மாவை முன்கூட்டியே பிசைந்து வைக்காதீர்கள், ஈரம் பட்டதுமே சோடா பொங்க ஆரம்பித்துவிடும். மாவு போட்ட பிறகு இன்னும் இருபத்தைந்து முப்பது நிமிஷம்.

ஃப்ரீசர் பழம் போடுகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. சூடான கண்ணாடிப் பாத்திரத்தில் உறைந்த பழத்தைக் கொட்டாதீர்கள், பாத்திரம் வெடிக்கும். அவனிலிருந்து எடுத்த கண்ணாடிப் பாத்திரத்தை ஈர மேடையில் வைத்தாலும் அதே கதிதான். என் வீட்டில் ஒன்று இப்படித்தான் போனது, காப்ளரோடு சேர்ந்து.

மாமனாரும் மாமியாரும் வந்திருக்கிறார்கள், சுத்த சைவம், முட்டையும் ஆகாது. காப்ளர் கொடுக்கலாமா?
– வாசகி, சான் ஹோசே

தாராளமாக. நான் மேலே சொன்ன இரண்டிலுமே முட்டை கிடையாது, இது மாற்றிச் செய்தது இல்லை, வழக்கமே அப்படி. கேக் வெட்டும்போதெல்லாம் ஓரமாக உட்கார்ந்திருக்கிற பெரியவர்களுக்கு நம்பிக் கொடுக்கக்கூடிய அமெரிக்க இனிப்பு இது ஒன்றுதான் என்று நான் பல வீட்டில் சொல்லியிருக்கிறேன். ஆனால் கடையில் வாங்குகிற ரெடிமேட் பை மாவில், பிஸ்கட் மாவில் சிலவற்றில் லார்ட் என்று எழுதியிருக்கும், அது பன்றிக் கொழுப்பு. லேபிளைக் கண்ணாடி போட்டுக்கொண்டு படியுங்கள். மேலே வைக்கிற வெனிலா ஐஸ்கிரீமையும் பாருங்கள், நிறைய ரகங்களில் முட்டை மஞ்சள் கரு உண்டு. மாமியாருக்குச் சந்தேகம் வந்தால் ஐஸ்கிரீமுக்குப் பதில் கெட்டியாகக் காய்ச்சி ஆறவைத்த பால் ஊற்றிக் கொடுங்கள், அவ்வளவு நன்றாக இருக்கும்.

வெண்ணெய்க்குப் பதில் நெய் போடலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். கப் காப்ளரில் போடலாம், அளவைக் கொஞ்சம் குறைத்து. பிஸ்கட்டில் வேண்டாம், நெய்யில் தண்ணீர் இல்லாததால் அந்தப் பொலபொலப்பு வராது.

என்னிடம் அவன் இல்லை, பீச்சும் இல்லை. கேஸ் அடுப்பும் மாம்பழமும்தான். இந்தக் கேள்வி பதிலை வாய் பார்த்துக்கொண்டு இருப்பதா?
– வாசகி, கோயம்புத்தூர்

கோபப்படாதீர்கள் கண்ணு. எடிசன் சாருக்குக் கிரண்ட் என்று ஒன்று சொன்னேன் பாருங்கள், அது உங்களுக்குத்தான். கனடாவின் நோவா ஸ்கோஷியாவில் புளூபெர்ரியில் செய்வார்கள். அகலமான, கனமான, சரியாக மூடுகிற சட்டியில் பழமும் சர்க்கரையும் கொஞ்சம் தண்ணீரும் எலுமிச்சைச் சாறும் போட்டுக் கொதிக்கவிடுங்கள். பிஸ்கட் மாவைச் சற்றுத் தளர்வாகப் பிசைந்து எலுமிச்சம்பழ அளவில் கரண்டியால் எடுத்து அதன் மேல் போட்டு, தீயைக் குறைத்து மூடிவிடுங்கள். பதினைந்து நிமிஷம் மூடியைத் திறக்கவே கூடாது, திறந்தால் உருண்டை அமுங்கிவிடும். மூடிக்குள் பழம் முக்கி முனகுகிற சத்தத்தை வைத்துத்தான் அந்தப் பெயர் என்பார்கள். நிறம் வராது, வெள்ளையாகத்தான் இருக்கும், கொழுக்கட்டை சிவப்பாகவா இருக்கிறது? அலுமினியச் சட்டி மட்டும் வேண்டாம், புளிப்பில் உலோக வாடை ஏறும். எவர்சில்வர் அடி கனமானது போதும்.

பழத்துக்கு மாம்பழத்தைவிட உங்களுக்கு இன்னொன்று பக்கத்திலேயே இருக்கிறது. மே, ஜூனில் கோத்தகிரி, குன்னூர் பக்கமிருந்து இறங்குகிற பிளம்ஸ். தோலோடு போடலாம், புளிப்பும் உண்டு, தானாகவே இறுகும், நிறமும் மாணிக்கம் மாதிரி வரும். உண்மையைச் சொன்னால் காப்ளருக்குப் பீச்சைவிட அதுதான் எனக்குப் பிடிக்கும், அட்லாண்டாவில் இருந்துகொண்டு இதை எழுதுவது ராஜதுரோகம், இருந்தாலும். மாம்பழம்தான் வேண்டும் என்றால் நன்றாகப் பழுத்த பங்கனப்பள்ளி வேண்டாம், வெந்ததும் கூழாகி ஒரேயடியாகத் தித்திக்கும். கொஞ்சம் விறைப்பாக இருப்பதை எடுத்து, அதில் கால் பங்கு கிளிமூக்கு மாங்காயைத் துண்டு போட்டுக் கலந்து பாருங்கள்.

கணவருக்குச் சர்க்கரை நோய். சர்க்கரை இல்லாத காப்ளர் உண்டா?
– வாசகி, ஹூஸ்டன்

சேர்க்கிற சர்க்கரையைப் பாதியாக்கலாம், பழுத்த பழமாக இருந்தால் தெரியவே தெரியாது. ஆனால் பழமும் மைதாவும் இருக்கும்வரை அது இனிப்புதான், பெயரை மாற்றி ஏமாற்றிக்கொள்ள வேண்டாம். அவருக்கு எவ்வளவு என்பதை டாக்டரிடம் கேளுங்கள். எங்கள் வீட்டிலும் ஒருவர் இருக்கிறார், அவருக்குச் சின்னக் கிண்ணத்தில் பழம் நிறைய, மேல் மாவு ஒரே ஒரு துண்டு. ராத்திரி சமையலறையில் கரண்டிச் சத்தம் கேட்பது வேறு கதை.

பட்டைத்தூள் போட்டே ஆக வேண்டுமா? எனக்கு அந்த வாசனை பிரியாணியை ஞாபகப்படுத்துகிறது.
– வாசகர், டொராண்டோ

வேண்டாம். ஏலக்காய் இரண்டு தட்டிப் போடுங்கள், பீச்சுக்கும் ஏலக்காய்க்கும் அப்படி ஒரு பொருத்தம். ஜாதிக்காய் என்றால் சுரண்டி ஒரு சிட்டிகை, அதற்கு மேல் போனால் கஷாயம். இஞ்சியும் நன்றாக இருக்கும். செர்ரிக்கு மட்டும் எதுவும் வேண்டாம் என்பேன், அதுவும் மிச்சிகன் பக்கம் ஜூலையில் கொஞ்ச நாள்தான் வருகிற புளிப்புச் செர்ரி கிடைத்தால் சர்க்கரையும் உப்பும் போதும்.

சனிக்கிழமை பாட்லக், ஆளுக்கொரு பண்டம் கொண்டுபோகிற விருந்து. வெள்ளிக்கிழமை ராத்திரியே செய்துவைக்கலாமா?
– வாசகி, ராலி

பிஸ்கட் என்றால் கூடாது, காலையில் சாற்றில் ஊறி நமுத்துப்போயிருக்கும். பழத்தை வெட்டிச் சர்க்கரை பிரட்டி ஒரு டப்பாவில், மாவில் வெண்ணெய் பிசிறி இன்னொரு டப்பாவில், இரண்டையும் ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டுத் தூங்குங்கள். பட்டர்மில்க்கை மட்டும் காலையில் ஊற்றுங்கள். கிளம்புவதற்கு இரண்டு மணி நேரம் முன்னால் அவனில் வைத்தால் போகிற வழியிலேயே காரில் ஆறிவிடும். பாத்திரத்துக்குக் கீழே ஒரு தட்டு வையுங்கள், சாறு பொங்கி வழியும், அவனிலும் வழியும், கார் சீட்டிலும் வழியும். மிஞ்சினால் மறுநாள் 175 டிகிரியில் கால் மணி நேரம் சூடாக்குங்கள், மைக்ரோவேவில் வைத்தால் மேல்மாவு ரப்பர். நானாக இருந்தால் சூடாக்கவே மாட்டேன், காலையில் ஃப்ரிட்ஜ் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, கெட்டித் தயிர் ஒரு கரண்டி மேலே போட்டு, அப்படியே.